காலியாக விடாத கட்டம்

காலியாக ஒரு கட்டத்தைப் பார்த்தால் என் கை சும்மா இருக்காது. பள்ளிக்கூட விண்ணப்பமோ, வங்கிப் படிவமோ, கொரியர்காரன் நீட்டுகிற சீட்டோ, எதுவாக இருந்தாலும் எல்லாக் கட்டத்தையும் நிரப்பினால்தான் எனக்கு மூச்சு வரும். பதினோரு வருடமாக இதையே செய்கிறவளுக்கு வேறென்ன வரும்? மருத்துவமனைகளிலிருந்து நோயாளிகளின் ஃபைல்கள் எங்கள் அலுவலகத்துக்கு வரும். டாக்டர் எழுதியதைப் படித்து, இன்ன வியாதி, இன்ன காயம் என்று ஒவ்வொன்றுக்கும் உரிய எண்ணைப் போட்டு அனுப்ப வேண்டும். மெடிக்கல் கோடிங் என்று பெயர், அந்த எண்தான் கோடு. இன்சூரன்ஸ்காரர்கள் ஃபைலைப் படிக்க மாட்டார்கள், அந்த எண்ணைத்தான் படிப்பார்கள்.

எனக்குக் கொடுத்திருப்பது கீழ் முதுகெலும்பு. எந்த எலும்பு உடைந்தது, நசுங்கியதா நொறுங்கியதா, இப்போதுதான் முதல் தடவை பார்க்கிறார்களா, ஏற்கெனவே பார்த்து ஆறிக்கொண்டிருக்கிறதா, எல்லாவற்றுக்கும் தனித்தனி எண், கடைசியில் தனித்தனி எழுத்து. ஒரு நாளைக்கு அறுபது ஃபைல். அலுவலகத்தில் எனக்கு 'இடுப்பு மேடம்' என்று பட்டப்பெயர். வைத்தது கண் வியாதிப் பகுதியில் உட்காருகிற ஒருத்தி. பதிலுக்கு அவளை நான் 'நொள்ளைக்கண்' என்று கூப்பிடுவேன். இரண்டு பேருக்கும் அதில் வருத்தமில்லை.

என் அக்கா ஒரு பெரிய சலவைக்கூடத்தில் வேலை பார்த்தாள். ஹோட்டல்களிலிருந்து மூட்டை மூட்டையாக வருகிற படுக்கை விரிப்புகளைத் துவைத்து, இஸ்திரி போட்டு, மடித்து, கூரை வரைக்கும் போகிற இரும்பு அலமாரியில் அடுக்க வேண்டும். அடுக்குவதற்கு ஏணியில் ஏறுகிறவள் அக்காதான். "எனக்கு ஏணி பயமில்லடி, ஏணிக்குத்தான் என்னப் பாத்தா பயம்" என்று பீற்றிக்கொள்வாள். அந்த ஏணியின் ஒரு காலுக்கு அடியில் இருந்த ரப்பர் தேய்ந்து போய் மாதக்கணக்காயிற்று. எல்லாருக்கும் தெரியும். யாரும் மாற்றவில்லை.

ஒரு செவ்வாய்க்கிழமை காலை பத்தரைக்கு ஏணி சறுக்கியது. மேலிருந்து இரண்டாவது படியில் நின்றுகொண்டிருந்தாள். இரண்டு கையிலும் விரிப்புகள். ஏழடி உயரத்திலிருந்து உட்கார்ந்த வாக்கில் சிமெண்டுத் தரையில் வந்து விழுந்தாள். "பக்கத்துலயே அவ்ளோ பெரிய துணி மூட்ட கெடந்துச்சு. அது மேல விழக் கூடாதா? என் நேரம்!" என்று ஸ்ட்ரெச்சரில் படுத்துக்கொண்டே என்னிடம் சொன்னாள். வலியில் முகம் வெளுத்திருந்தது. ஆனால் வாய் மட்டும் குறையவில்லை.

நான் போனபோது சேர்க்கைக் கவுண்டரில் படிவம் தயாராக இருந்தது. 'எப்படி அடிபட்டது' என்ற கட்டத்தைச் சலவைக்கூடத்து மேற்பார்வையாளர் நிரப்பிவிட்டுப் போயிருந்தார். 'வேலையிடத்தில் வழுக்கி விழுந்தார்.' அவ்வளவுதான். ஏணியும் இல்லை, ஏழடியும் இல்லை. அதை நான் படித்தேன். படித்துவிட்டுக் கீழே போய்விட்டேன். என் கண் அடுத்த கட்டத்தில் இருந்தது. 'ஏற்கெனவே உள்ள நோய்கள்.' அது காலியாக இருந்தது.

கவுண்டரில் இருந்த பெண் சொன்னாள், "ஒண்ணும் இல்லேன்னா விட்டுடுங்க மேடம்."

விட்டுவிடுவதா? நானா? அக்காவின் கைப்பையில் கால்சியம் மாத்திரை அட்டை இருப்பது எனக்கு ஞாபகம் வந்தது. வருடக்கணக்காகப் போட்டுக்கொண்டிருந்தாள். கால்சியம் என்றால் எலும்புக்கு, எலும்பு என்றால் இந்த வியாதி. பதினோரு வருடம் அந்த இரண்டையும் சேர்த்தே பார்த்த மூளை வேறெங்கே போகும்? 'ஆஸ்டியோபோரோசிஸ். கால்சியம் எடுக்கிறார்' என்று எழுதினேன். எலும்பு உள்ளுக்குள் பஞ்சாகப் போகிற வியாதி அது. அக்காவுக்கு அது இருக்கிறது என்று எந்த டாக்டரும் சொன்னதில்லை. அக்காவிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். பத்தடி தூரத்தில்தான் படுத்திருந்தாள்.

"நீங்க டாக்டரா மேடம்?" என்று அந்தப் பெண் கேட்டாள்.

"அந்த லைன்லதான் இருக்கேன்" என்றேன். அந்த நேரத்திலும் அதில் எனக்கு ஒரு பெருமை! இப்போது நினைத்தால் என்னை நானே செருப்பால் அடித்துக்கொள்ளலாம் போல இருக்கிறது.

ஸ்கேன் பார்த்துவிட்டு டாக்டர் என்னையும் அத்தானையும் கூப்பிட்டார். அத்தான் பேருந்து ஓட்டுகிறவர். சீருடையோடு ஓடி வந்திருந்தார்.

"இடுப்புப் பக்கத்து முதல் எலும்பு நொறுங்கியிருக்கு. ஒரு சில்லு உள்பக்கமா தள்ளி, நரம்பு போற பாதைல நிக்குது. இப்ப காலு நல்லா அசையுது, உணர்ச்சி இருக்கு. ரெண்டு வாரத்துக்குள்ள கம்பி வெச்சு நிமித்திட்டா நடந்தே வீட்டுக்குப் போவாங்க. இன்சூரன்ஸ் அனுமதி வரணும், அவ்ளோதான்."

அத்தான் என்னைப் பார்த்தார். இந்த விஷயமெல்லாம் எனக்குத்தான் தெரியும் என்பது எங்கள் வீட்டில் எல்லாரும் ஒப்புக்கொண்ட விஷயம்.

"கவலப்படாதீங்க அத்தான்" என்றேன். "வேல செய்ற எடத்துல அடிபட்டது. காயம்னு போனா தனி வரிசை. நாலே நாள்ல ஓகே பண்ணிடுவாங்க."

வெள்ளிக்கிழமை அரை நாள் லீவு கேட்டேன். எங்கள் தணிக்கையாளர் நல்ல மனுஷன், ஆனால் கறார். நாங்கள் போடுகிற எண்களில் தப்பு கண்டுபிடிப்பதுதான் அவர் வேலை. 'பூதக்கண்ணாடி' என்று கூப்பிடுவோம். "முப்பது ஃபைல முடிச்சுட்டுத் தாராளமா போங்க" என்றார். அக்கா பக்கத்தில் போய் உட்கார வேண்டும் என்று வேகவேகமாகப் போட்டேன். ஒரு ஃபைலுக்கு நாலு நிமிடம்.

இருபத்தெட்டாவது ஃபைல். எங்களுக்கு வருகிற எதிலும் பெயர் இருக்காது, ஊர் இருக்காது, மருத்துவமனை இருக்காது. எல்லாவற்றையும் கறுப்பு மையால் மறைத்துத்தான் அனுப்புவார்கள். நம்பர், வயது, ஆணா பெண்ணா. பெண், நாற்பத்தேழு. இடுப்புப் பக்கத்து முதல் எலும்பு. அறுவைச் சிகிச்சைக்கு அனுமதி கேட்டு அவசரக் கொடி போட்டிருந்தது. 'வேலையிடத்தில் வழுக்கி விழுந்தார். ஏற்கெனவே ஆஸ்டியோபோரோசிஸ் உள்ளவர், கால்சியம் எடுக்கிறார்.'

இதற்கு எங்களிடம் ஒரு விதி இருக்கிறது. தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். ஏற்கெனவே எலும்பு பஞ்சான ஒருவர் சும்மா வழுக்கி விழுந்து, நல்ல எலும்பு உடையாத ஓர் அடியில் எலும்பு உடைந்தால், அதைக் காயம் என்று போடக் கூடாது. வியாதியால் உடைந்தது என்றுதான் போட வேண்டும். போட்டேன். கடைசி எழுத்து, முதல் தடவை சிகிச்சைக்கு உரியது. அதையும் போட்டேன். அனுப்பு என்ற பட்டனை அழுத்தினேன். இன்னும் இரண்டை முடித்துவிட்டு, வழியில் ஆரஞ்சு வாங்கிக்கொண்டு மருத்துவமனைக்கு ஓடினேன். அக்காவுக்குச் சுளை சுளையாக உரித்துக் கொடுத்தேன்.

அது யாருடைய ஃபைல் என்று உங்களுக்கு இந்நேரம் தெரிந்திருக்கும். எனக்குத் தெரியவில்லை. அக்காவுக்கு ஐம்பத்தொரு வயது. சலவைக்கூடத்தில் சேரும்போது எடுக்க மாட்டார்களோ என்று பயந்து நாலு வயதைக் குறைத்துச் சொல்லியிருந்தாள்; இன்சூரன்ஸ் அட்டையிலும் அந்த வயதுதான் ஏறியிருந்தது. கீழ் முதுகெலும்பு உடைகிறவர்களில் பாதிப் பேருக்கு அதே முதல் எலும்புதான் உடையும். அன்றைக்கு மட்டும் அப்படி ஐந்து ஃபைல் பார்த்தேன். சரி, இதெல்லாம் சாக்கு. ஐந்தாவது நிமிடம் என்று ஒன்றை அதற்குக் கொடுத்திருந்தால் 'எந்த உயரத்திலிருந்து விழுந்தார்?' என்று டாக்டருக்கு ஒரு கேள்வி அனுப்பியிருக்கலாம். முன்பெல்லாம் அனுப்புவேன்.

அடுத்த புதன்கிழமை கடிதம் வந்தது. அறுவைச் சிகிச்சைக்கு அனுமதி இல்லை. வியாதியால் உடைந்த எலும்பு, ஆகவே ஆறு வாரம் மருந்தும் இடுப்பு பெல்ட்டும், அப்புறம் மறுபரிசீலனை. மருத்துவமனையில் அன்று மாலையே பெல்ட்டை மாட்டி வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அத்தான் கடிதத்தை என்னிடம் நீட்டினார். அடியில் கோடு எண் அச்சாகியிருந்தது.

அதைப் பார்த்ததும் எனக்குத் தலைக்கேறிவிட்டது. அக்காவின் கட்டில் பக்கத்திலேயே நின்று கத்தினேன். "எந்தக் கழுத போட்டது இத? ஏழடி ஏணிலேர்ந்து விழுந்தவளுக்குப் போய் வியாதின்னு போட்டிருக்கே! கண்ணு என்ன பொடனிலயா இருக்கு? இந்த மாதிரி ஆளையெல்லாம் ஒரு நாள் கூட வேலைல வெச்சிருக்கக் கூடாது!"

"விடுடி, பாவம்" என்றாள் அக்கா. "யாருக்கு என்ன அவசரமோ."

மறுநாள் காலை அலுவலகம் போனதும் கடிதத்தில் இருந்த ஃபைல் நம்பரைத் தட்டினேன். எங்கள் ஆபீஸில்தான் போட்டிருக்கிறார்கள் என்று தெரிந்தபோது, ஆளைக் கண்டுபிடித்து உண்டு இல்லை என்று பண்ணிவிடுவது என்று எழுந்தே நின்றுவிட்டேன். அப்புறம்தான் ஃபைல் திறந்தது. போட்டவர் என்ற இடத்தில் என் எண் இருந்தது. வெள்ளிக்கிழமை, பதினொன்று நாற்பது.

உட்கார்ந்தேன். திரும்பவும் படித்தேன். 'ஏற்கெனவே ஆஸ்டியோபோரோசிஸ் உள்ளவர், கால்சியம் எடுக்கிறார்.' கால்சியம் எடுக்கிறார். அது என் வாக்கியம். டாக்டர் நான் எழுதிய படிவத்தைப் பார்த்து அப்படியே எழுதியிருக்கிறார். அவர் எழுதியதைப் பார்த்து நான் கோடு போட்டிருக்கிறேன். நடுவில் யாரும் அக்காவிடம் போய் ஒன்றும் கேட்கவில்லை. கழுத நான்தான்.

பூதக்கண்ணாடியிடம் போனேன். நோயாளி என் அக்கா என்று மட்டும் சொன்னேன். அவர் ஃபைலை மேலிருந்து கீழ்வரை படித்தார்.

"கோடு சரியாத்தானே இருக்கு" என்றார்.

"சார், அவ ஏணிலேர்ந்து விழுந்தா. அவளுக்கு அந்த வியாதியே இல்ல."

"ஃபைல்ல அப்படி இல்லையேம்மா. உங்களுக்குத் தெரிஞ்சத வெச்சு நாம எப்படி மாத்த முடியும்? டாக்டர் எழுதினாத்தான் மாத்தலாம். உங்களுக்கே தெரியும்."

தெரியும். அந்தப் பாடத்தைப் புதிதாகச் சேருகிறவர்களுக்கு நடத்துவதே நான்தான்.

"டாக்டருக்குக் கேள்வி அனுப்பலாம்" என்றார். "ஆனா நீங்க அனுப்பக் கூடாது, சொந்தக்காரங்க. நான் அனுப்புறேன். அதுலயும் ஏணின்னோ வியாதி இல்லேன்னோ நம்ம வாயால சொல்லக் கூடாது. 'எலும்பு உடைந்ததற்கான காரணத்தைத் தெளிவுபடுத்தவும்.' அவ்ளோதான்."

பதிலை நாமே எடுத்துக் கொடுத்த மாதிரி ஆகிவிடக் கூடாது என்பதற்காக அப்படி ஒரு விதி. நல்ல விதிதான். அவர் தட்டச்சு செய்வதைப் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

இந்த இடத்தில்தான் நான் செய்த மூன்றாவது காரியத்தைச் சொல்ல வேண்டும். முதல் இரண்டும் தெரியாமல் செய்தவை. கேள்வி அனுப்பியதும் மருத்துவமனைக்கு ஓடியிருக்கலாம். டாக்டர் காலைப் பிடித்து, 'படிவத்தில் எழுதினது நான், அது பொய், என் அக்காவுக்கு எலும்பு நன்றாக இருக்கிறது' என்று சொல்லியிருக்கலாம். போகவில்லை. அலுவலகக் கேள்விக்கு எப்படியும் பதில் வந்துவிடும், யாருக்கும் தெரியாமலே சரியாகிவிடும் என்று இருந்துவிட்டேன். வெட்கம். அந்த லைனில் இருக்கிறவள் இப்படி எழுதினாளா என்று அத்தான் பார்க்கிற பார்வையை நினைத்து வெட்கம். நாலு நாள் அப்படிப் போயிற்று.

அந்த நாலு நாளும் மாலையில் அக்கா வீட்டுக்குப் போனேன். மல்லாந்தே கிடந்தாள். பெல்ட் மார்புவரை இறுக்கிப் பிடித்திருந்தது. "சாமான் கட்டி பார்சல் பண்ற மாதிரி கட்டி வெச்சிருக்காங்க, இனி ஸ்டாம்ப் ஒட்டுறதுதான் பாக்கி" என்றாள். நான் சிரித்தேன். சிரித்துவிட்டுக் குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு அழுதேன்.

மெதுவாக ஒருநாள் கேட்டேன். "அக்கா, அந்தக் கால்சியம் மாத்திர யாரு குடுத்தா?"

"மருந்துக் கடைக்காரர்தான். நின்னுட்டே வேல செய்றோம்ல, கெண்டக்கால் இழுத்துப் பிடிக்குதுன்னு சொன்னேன். இதப் போடுங்கம்மான்னாரு. ஏன், நிறுத்தணுமா?"

"இல்லக்கா, சும்மா கேட்டேன்."

திங்கள்கிழமை பதில் வந்தது. டாக்டர் ஒரே வரி எழுதியிருந்தார். 'நோயாளியின் வரலாற்றில் உள்ளபடி.' வரலாறு என்று அவர் சொல்வது என்னைத்தான்.

செவ்வாய்க்கிழமை அத்தானை அழைத்துக்கொண்டு நேரில் போனேன். டாக்டர் ஃபைலைப் புரட்டிவிட்டுக் கேட்டார், "ஆஸ்டியோபோரோசிஸ் இருக்குன்னு யாரு சொன்னது?"

அத்தான் என் முகத்தைப் பார்த்தார். பாவி நான், "ஃபாரம்ல தப்பா எழுதிட்டாங்க டாக்டர்" என்றேன். யார் என்று அவர் கேட்கவில்லை.

"அப்ப எலும்பு அடர்த்தி டெஸ்ட் எடுத்துடலாம். நார்மல்னு வந்தா நானே மாத்தி எழுதுறேன். டெஸ்ட் இல்லாம எழுதினா இன்சூரன்ஸ்ல ஒத்துக்க மாட்டாங்க."

டெஸ்டுக்கு வெள்ளிக்கிழமைதான் நேரம் கிடைத்தது. பெல்ட்டோடு அக்காவை வேனில் படுக்க வைத்துக் கொண்டுபோனோம். ஒவ்வொரு குழியிலும் "மெதுவா, மெதுவா" என்று அத்தான் ஓட்டுநரிடம் கெஞ்சினார். இருபது வருடம் பேருந்து ஓட்டியவர், அன்றைக்கு இன்னொருவரிடம் அப்படிக் கெஞ்சினார். முடிவு மாலையே வந்துவிட்டது. எலும்பு நன்றாக இருந்தது. முப்பது வயதுக்காரியின் எலும்பு மாதிரி இருப்பதாக டெஸ்ட் எடுத்தவர் சொன்னாராம். "பாத்தியாடி? வயச நான் நாலுதான் கொறச்சேன், மெஷினு இருபது கொறச்சிருச்சு!" என்று அக்கா சிரித்தாள். பதினேழு நாளில் எனக்கு அன்றைக்குத்தான் சோறு இறங்கியது.

டாக்டர் சனி ஞாயிறு விடுமுறை. திங்கள்கிழமை காலையில் மாற்றி எழுதினார். ஏணி, ஏழடி, வியாதி இல்லை, எல்லாம் எழுதினார். பூதக்கண்ணாடி பத்தே நிமிடத்தில் கோடை மாற்றிக் காயம் என்று அனுப்பினார். "புதன்கிழம அனுமதி வந்துடும், கவலப்படாதீங்க" என்றார்.

செவ்வாய்க்கிழமை காலை ஆறே முக்காலுக்கு அத்தான் போன் செய்தார். அவர் குரல் சரியாக இல்லை. "அவளுக்குக் கால் தெரியலையாம். படுக்கை நனைஞ்சிருக்கு, அதுவும் தெரியலங்கறா. நீ வா."

போய்ப் போர்வையை விலக்கி, காலைப் பிடித்தேன். வெதுவெதுப்பாகத்தான் இருந்தது. "கிள்ளுறேன்க்கா, தெரியுதா?" என்றேன். "கிள்ளுடி" என்றாள். ஏற்கெனவே கிள்ளிக்கொண்டுதான் இருந்தேன்.

மூன்று நாளாகவே எறும்பு ஊர்கிற மாதிரி இருந்திருக்கிறது. சனிக்கிழமையிலிருந்து. சொல்லவில்லை. "டெஸ்ட்தான் நல்லா வந்துருச்சே, ரெண்டு நாள் பொறுத்துக்கலாம்னு பாத்தேன். சொன்னா நீ வேலைய விட்டுட்டு ஓடி வருவே. ஏற்கெனவே எத்தன லீவு போட்டுட்டே" என்றாள்.

அன்றைக்கு யாரும் அனுமதிக்காகக் காத்திருக்கவில்லை. அவசரம் என்று மதியத்துக்குள் அறுவைச் சிகிச்சை செய்துவிட்டார்கள். வெளியே வந்த டாக்டர் தொப்பியைக் கழற்றிக் கையில் பிசைந்துகொண்டே பேசினார். சில்லு நகர்ந்து நரம்பை முழுசாக அழுத்தியிருக்கிறது. எடுத்தாயிற்று. ஆனால் அதற்குள் நரம்பு கெட்டுவிட்டது. "பத்து நாள் முன்னாடி பண்ணியிருந்தா..." என்று ஆரம்பித்தவர் நிறுத்திக்கொண்டார். பத்து நாள் முன்னாடி என்றால் அது நான் கோடு போட்ட வெள்ளிக்கிழமை இல்லை, அதற்கு அடுத்த வாரத்துச் சனிக்கிழமை. என் வெட்கத்துக்கு நடுவில் வந்த சனிக்கிழமை. அத்தான் சுவரில் சாய்ந்தபடியே மெல்லச் சறுக்கித் தரையில் உட்கார்ந்துவிட்டார்.

புதன்கிழமை அனுமதிக் கடிதம் வந்தது, பூதக்கண்ணாடி சொன்ன மாதிரியே.

அந்த மாதக் கடைசியில் தணிக்கை முடிவு வந்தது. எனக்கு நூற்றுக்கு நூறு. அக்காவின் ஃபைலையும் அதில் எடுத்துப் பார்த்திருக்கிறார்கள். அன்றைக்குக் கையில் இருந்த தாளின்படி நான் போட்டது சரியான கோடு. பூதக்கண்ணாடி அந்தத் தாளை என் மேசையில் வைத்தார். "நீங்க தப்பு ஒண்ணும் பண்ணலம்மா" என்றார். படிவத்தைப் பற்றி அவருக்குத் தெரியாது. தப்பு என்று யாராவது ஒருத்தர் சொல்லியிருந்தால் கூட எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

ஐந்தாவது வாரம் அக்காவைப் பயிற்சி இல்லத்துக்கு மாற்றினார்கள். சக்கர நாற்காலியில் ஏற, இறங்க, கையால் தள்ளிப் போக அங்கே சொல்லிக் கொடுப்பார்கள். நடக்கச் சொல்லிக் கொடுக்க மாட்டார்கள். போகிற அன்று அத்தான் பைகளைக் கீழே கொண்டுபோயிருந்தார். அறையில் நானும் அவளும் மட்டும். இப்போது சொல்லாவிட்டால் என்றைக்கும் சொல்ல மாட்டேன் என்று தோன்றியது.

"அக்கா, அந்தக் கோட போட்டது நான்தான்."

"எந்தக் கோட?"

"வியாதின்னு போட்டாங்களே, அத. போட்டது நான். பேரு மறைச்சிருந்துச்சு, நீன்னு தெரியல. அதுக்கு முன்னாடி ஃபாரம்ல அந்த வியாதிய எழுதினதும் நான்தான்க்கா. யாரும் எழுதச் சொல்லல. நானாத்தான் எழுதினேன்."

நான் எதிர்பார்த்தது ஓர் அறை. அல்லது ஒரு சாபம். இரண்டையும் வாங்கிக்கொள்ளத் தயாராகக் கட்டிலுக்குப் பக்கத்தில் போய் நின்றேன். அவள் கையை நீட்டி என் கன்னத்தைத் துடைத்துவிட்டாள்.

"சின்ன வயசுலேர்ந்தே உனக்கு இதே புத்திடி. கண்ணாடி டம்ளர உடைச்சது நானா இருக்கும், நாந்தான்னு சொல்லி அம்மாகிட்ட நீ போய் அடி வாங்குவே. நான் யாரையும் திட்டிடக் கூடாதுன்னு பழிய இழுத்து உன் தலைல போட்டுக்கறியா?"

"இல்லக்கா, சத்தியமா நான்தான்."

"சும்மா இருடி! நீ போட்டிருந்தா இப்படியா ஆயிருக்கும்? உன் கண்ணுல பட்டிருந்தா அன்னைக்கே பிடிச்சிருக்க மாட்டே? யாரோ கண்ணு தெரியாத கழுதன்னு நீதானே சொன்னே."

அதற்கு மேல் என்ன சொன்னாலும் அவள் காதில் ஏறவில்லை. என்னைச் சமாதானப்படுத்துவதிலேயே குறியாக இருந்தாள். கால் போனவள் அவள். சமாதானம் சொல்கிறவளும் அவள்.

பயிற்சி இல்லத்தில் சேர்க்கைப் படிவம் கொடுத்தார்கள். அத்தான் அதை வாங்கி வழக்கம்போல என்னிடம் நீட்டினார். பெயர், வயது, முகவரி எழுதினேன். வயதை ஐம்பத்தொன்று என்று எழுதினேன். அடுத்தது 'ஏற்கெனவே உள்ள நோய்கள்.' அந்தக் கட்டத்துக்கு மேல் பேனாவைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தேன். எழுத முடியவில்லை. தாளை அப்படியே மடித்துத் திருப்பிக் கொடுத்தேன்.

வாங்கிப் பார்த்த நர்ஸ், "இந்தக் கட்டத்த விட்டுட்டீங்களே மேடம்?" என்றாள்.

நான் வாயைத் திறப்பதற்குள் சக்கர நாற்காலியிலிருந்து அக்கா பதில் சொன்னாள். "அவ விடமாட்டாம்மா. அப்படி விட்டிருந்தா அங்க எழுத ஒண்ணுமில்லேன்னு அர்த்தம். என் தங்கச்சி இந்த லைன்லதான் இருக்கா."